வெளியேறுவதா, காத்திருப்பதா, சரணடைவதா: ஸ்டாலின்கிராடில் பவுலஸ் முன் இருந்த வழிகள்

ஸ்டாலின்கிராட் பற்றிப் பேச்சு வந்தால் முக்கால்வாசிப் பேர் ஒரே தீர்ப்பைத்தான் சொல்வார்கள். 1942 நவம்பர் 24 அன்றே, சோவியத் படைகள் சுற்றிவளைத்த ஜெர்மன் ஆறாவது படையின் தளபதி ஜெனரல் பவுலஸ், அங்கேயே இருக்கச் சொன்ன ஹிட்லரின் உத்தரவைத் தூக்கிப் போட்டுவிட்டு, சோவியத் வளையத்தை உடைத்துக்கொண்டு மேற்கே போயிருக்க வேண்டும், போகாதது கோழைத்தனம். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் அன்றைக்குக் கையில் எவ்வளவு பெட்ரோல் இருந்தது, பீரங்கி இழுக்க எத்தனை குதிரை இருந்தது என்று பார்க்க ஆரம்பித்தால் அந்தத் தீர்ப்பு ஆட்டம் காண்கிறது. என் கட்சி வேறு. நவம்பரில் அவர் தயங்கியதற்குக் காரணம் சொல்ல முடியும். சரணடையச் சொல்லி சோவியத் நிபந்தனைகள் வந்த 1943 ஜனவரி 8 அன்று தயங்கியதற்குத்தான் சொல்ல முடியாது.

முதலில் ஆள் யார் என்று பார்த்துவிடலாம். ஃபிரெட்ரிக் பவுலஸ் 1890-ல் ஹெஸ்ஸே பகுதியில் ஒரு கணக்கரின் மகனாகப் பிறந்தவர். பிரபு வம்சம் இல்லை. கடற்படையில் சேரப் பார்த்தார், எடுத்துக்கொள்ளவில்லை. கொஞ்ச காலம் சட்டம் படித்துவிட்டு 1910-ல் தரைப்படைக்குப் போனார். அங்கே அவர் பேர் வாங்கியது போர்முனையில் இல்லை, மேஜையில். வரைபடம், அட்டவணை, சப்ளைக் கணக்கு இவற்றில் கெட்டிக்காரர். உடை கசங்காமல் இருப்பதில் அவ்வளவு கவனம் என்பதால் சக அதிகாரிகள் 'லார்டு' என்று பட்டப்பெயரே வைத்திருந்தார்கள். 1939-ல் போலந்துப் போரின்போது ரைஷனாவ் என்ற முரட்டு ஜெனரலிடம் தலைமை ஸ்டாஃப் அதிகாரியாக இருந்தார். 1940 செப்டம்பரில் தலைமைப் பணியகத்துக்குப் போய், சோவியத் யூனியன் மீதான பார்பரோசா படையெடுப்புத் திட்டத்தில் வேலை செய்தார். அந்த டிசம்பரில் நடந்த போர் ஒத்திகையை நடத்தியவரும் இவர்தான். 1941 வசந்தத்தில் லிபியாவுக்குப் போய், டோப்ருக் துறைமுகத்தின் மேல் விடாமல் மோதிக்கொண்டிருந்த ஜெர்மன் தளபதி ரோம்மலுக்குக் கடிவாளம் போட்டதும் இவர்தான். ஆகவே, சப்ளை இல்லாமல் படை என்ன ஆகும் என்று தெரியாத மனிதர் இல்லை இவர். ஜெர்மன் ராணுவத்தில் அது மிக நன்றாகத் தெரிந்த சிலரில் ஒருவர்.

1942 ஜனவரியில் ரைஷனாவின் சிபாரிசில் ஆறாவது படை அவர் கைக்கு வந்தது. அதற்கு முன் ஒரு டிவிஷனையோ, பல டிவிஷன்கள் சேர்ந்த ஒரு கோரையோ அவர் தலைமை தாங்கி நடத்தியதில்லை. சில நாளில் ரைஷனாவும் இறந்துபோனார். மே மாதம் கார்கோவில் சோவியத் தாக்குதலை முறியடித்ததும் பவுலஸுக்குப் பதக்கம், பத்திரிகைப் புகழ் எல்லாம் வந்தது. அதனால், தனியாக முடிவெடுக்கும் பழக்கமும் கூடவே வந்துவிட்டதாக அர்த்தமில்லை.

ஒன்றை இங்கேயே சொல்லிவிட வேண்டும். ஆறாவது படை ஏதோ பாவப்பட்ட படை இல்லை. 1941-ல் ரைஷனாவின் கீழ் அது உக்ரைனைக் கடந்துபோன வழியில்தான் கீவ் நகரின் 'பாபி யார்' பள்ளத்தாக்கு இருக்கிறது. இரண்டே நாளில் 33 ஆயிரத்துக்கும் மேற்பட்ட யூதர்கள் அங்கே சுட்டுக் கொல்லப்பட்டார்கள், படையின் ஒத்துழைப்போடு. அது பவுலஸ் பொறுப்பேற்பதற்கு முன்னால் நடந்தது என்பது உண்மை. அந்தப் படையெடுப்பைத் திட்டமிட்டவர்களில் அவரும் ஒருவர் என்பதும் உண்மை. 'எந்த வழி நல்லது' என்று கீழே நான் எழுதுவதெல்லாம், வளையத்துக்குள் இருந்த உயிர்கள் எத்தனை மிஞ்சியிருக்கும் என்ற அளவில் மட்டும்தான்.

சரி, நவம்பருக்கு வருவோம். 19-ஆம் தேதி வடக்கே மூன்றாவது ருமேனியப் படைமீதும், 20-ஆம் தேதி தெற்கே நான்காவது ருமேனியப் படைமீதும் செம்படை பாய்ந்தது. 23-ஆம் தேதி இரண்டு முனைகளும் கலாச் பக்கத்தில் கைகோத்தன. உள்ளே மாட்டிக்கொண்டவை 22 டிவிஷன்கள், இரண்டரை லட்சத்திலிருந்து மூன்று லட்சம் பேர். அன்றிரவே பவுலஸ் ஹிட்லருக்கு வானொலிச் செய்தி அனுப்பினார்: குண்டும் எரிபொருளும் தீர்ந்துகொண்டிருக்கின்றன, சொந்தமாக முடிவெடுக்கும் சுதந்திரம் வேண்டும். அவரது ஐந்து கோர் தளபதிகளும் இதற்கு ஒத்துப்போனார்கள். மேலே இருந்த படைத்தொகுதித் தளபதி வைக்ஸ், பெர்லின் தரப்பில் தலைமைப் பணியகத் தலைவர் ஜெய்ட்ஸ்லர், இருவரும் அதே கருத்துதான். அதாவது வெளியேறுவதுதான் சரி என்று எல்லாருக்கும் தெரிந்திருந்தது. 24-ஆம் தேதி காலை ஹிட்லரின் பதில் வந்தது: அங்கேயே இரு, விமானத்தில் எல்லாம் வரும்.

உத்தரவை மீறி வெளியேறியிருந்தால்? இதற்கு ஆதரவாகச் சொல்லக்கூடியது கனமான விஷயம்தான். வளையம் மூடி ஒரு நாள்கூட ஆகவில்லை, செம்படை இன்னும் பதுங்குகுழி வெட்டவில்லை, ஜெர்மன் வீரர்கள் இன்னும் பட்டினியில் விழவில்லை. எதிராகச் சொல்ல வேண்டியவற்றில் பலரும் தாண்டிப்போகும் ஒன்று குதிரைகள். காலாட்படை டிவிஷன்களின் பீரங்கிகளை இழுத்தவை பெரும்பாலும் குதிரைகள்தான். குளிர்காலத்துக்குத் தீனி போதாது என்று அவற்றில் பெரும்பாலானவற்றை முற்றுகைக்கு முன்பே மேற்கே அனுப்பிவிட்டார்கள். டாங்கிகளுக்கோ எரிபொருள் இல்லை. ஆக வெளியேறுவதென்றால் கனரக ஆயுதங்களையும் காயம்பட்டவர்களையும் விட்டுவிட்டு, மரமோ மேடோ இல்லாத பனிச் சமவெளியில் கால்நடையாகப் போவது என்று பொருள்.

அது எப்படி இருந்திருக்கும் என்பதற்கு ஒரு சின்ன மாதிரியே கிடைத்துவிட்டது. 51-ஆவது கோரின் தளபதி ஸைட்லிட்ஸ், வெளியேறியே தீர வேண்டும் என்று நின்றவர். பவுலஸின் அனுமதிக்குக் காத்திராமல் வடகிழக்கு மூலையிலிருந்த 94-ஆவது டிவிஷனைப் பின்வாங்கச் சொன்னார். கொண்டுபோக முடியாததை எரித்துவிட்டு, குளிர்காலத்துக்கென்று தயார்செய்த பதுங்குகுழிகளை விட்டு அந்த வீரர்கள் வெளியே வந்தார்கள். சோவியத் ஜெனரல் சுய்கோவின் 62-ஆவது படை உடனே மோப்பம் பிடித்துவிட்டது. திறந்த வெளியில் அந்த டிவிஷன் அடிவாங்கிச் சிதைந்தது. ஒரு மூலையில் ஒரு டிவிஷன் நகர்ந்ததற்கே இந்த கதி. முழுப் படையும் நகர்ந்திருந்தால் ஒரு பகுதி நிச்சயம் வெளியே வந்திருக்கும். அந்தப் பகுதி பெரியதா சிறியதா என்று இன்றுவரை ராணுவ வரலாற்றாளர்கள் அடித்துக்கொள்கிறார்கள். என் ஊகம், ஆட்கள் கணிசமாகத் தப்பியிருப்பார்கள், படையாகத் தப்பியிருக்க மாட்டார்கள். அப்படியும் இறுதியில் நடந்ததைவிட அது எத்தனையோ மேல். ஆனால் இறுதியில் என்ன நடக்கும் என்று நவம்பர் 24 அன்று அவருக்குத் தெரியாது.

அப்புறம் மீறினால் என்ன தண்டனை என்பது அவருக்குத் தெரியும். ஒரு வருடத்துக்கு முன், 1941 டிசம்பர் கடைசியில், கிரிமியாவின் கெர்ச் முனையில் ஜெனரல் ஸ்பொனெக் தன் டிவிஷன் மாட்டிக்கொள்ளாமல் இருக்க உத்தரவின்றிப் பின்வாங்கினார். ஜெர்மன் விமானப்படைத் தலைவர் கோரிங் தலைமையில் ராணுவ நீதிமன்றம் கூடி மரண தண்டனை விதித்தது. பிறகு அது கோட்டைச் சிறையாகக் குறைக்கப்பட்டது. 1944 ஜூலையில் அங்கேயே சுட்டுக் கொன்றார்கள். ஸ்பொனெக்கைப் பதவியிலிருந்து நீக்கியவர் அவரது மேலதிகாரி ஜெனரல் மான்ஸ்டைன். அந்த டிவிஷனின் ராணுவ கௌரவத்தைப் பறித்தவர் ரைஷனாவ், பவுலஸை வளர்த்துவிட்ட அதே ரைஷனாவ். இப்போது ஆறாவது படையை மீட்க அனுப்பப்பட்டவரும் மான்ஸ்டைன்தான். அவரே 24-ஆம் தேதி மேலிடத்துக்குச் சொன்னது என்ன? விமான சப்ளை உறுதியென்றால் மீட்புப் படை வரும்வரை காத்திருக்கலாம். போருக்குப் பிறகு எழுதிய நினைவுக் குறிப்புகளில் மான்ஸ்டைன் பழியை ஹிட்லர்மீதும் பவுலஸ்மீதும் நன்றாகவே பிரித்துக் கொடுத்துவிட்டார். தன் பங்குக்கு எடுத்துக்கொண்டது குறைவு.

அடுத்தது காத்திருப்பது. இதை நியாயப்படுத்த முடியாது என்று கூட்டல் கழித்தல் தெரிந்த யாரும் சொல்லிவிடலாம். ஆறாவது படை நாளொன்றுக்கு 750 டன் கேட்டது. அது 500 ஆனது. குறைந்தபட்சம் 300 வந்தால் உயிரோடு இருக்கலாம் என்றார்கள். வந்தது சராசரியாகச் சுமார் 100 டன். ஒரு யுங்கர்ஸ்-52 விமானம் ஏறக்குறைய 2 டன் தூக்கும். 500 டன்னுக்குத் தினமும் 250 விமானங்கள், பகல் குறுகிய ரஷ்யக் குளிரில், பனிமூட்டத்தில், சோவியத் விமானப் படை துரத்தத் துரத்த வந்து இறங்க வேண்டும். முடியாது என்று அந்தப் பகுதி விமானப்படைத் தளபதி ரிஷ்தோஃபனும் அவருக்குக் கீழிருந்த ஃபீபிக்கும் ஆரம்பத்திலேயே சொல்லிவிட்டார்கள். ஹிட்லரிடம் முடியும் என்று சொன்னவர் கோரிங். எல்லாரும் காட்டிய முன்னுதாரணம் டெம்யான்ஸ்க். அதே ஆண்டு தொடக்கத்தில் ஒரு லட்சம் பேரை அங்கே விமானத்திலேயே பிழைக்க வைத்தார்கள். ஆனால் ஸ்டாலின்கிராடில் இருந்தவர்கள் அதைப்போல் இரண்டரை, மூன்று மடங்கு. டிசம்பர் 24 அன்று தாட்சின்ஸ்காயா விமானத் தளத்துக்குள்ளேயே சோவியத் டாங்கிகள் புகுந்தன. மூட்டத்துக்குள் குண்டு வெடிக்க வெடிக்க விமானங்கள் ஒன்றன்பின் ஒன்றாக எழும்பிப் பறந்தன. பல பத்து விமானங்கள் தரையிலேயே நொறுங்கின. ஜெய்ட்ஸ்லர் பெரிய தலைமையகத்தில் உட்கார்ந்துகொண்டு ஸ்டாலின்கிராட் வீரர்களின் ரேஷனையே சாப்பிட ஆரம்பித்து, பார்த்தவர்கள் பதறும்படி இளைத்துப்போனார். ஹிட்லரே நிறுத்தச் சொன்னார். பெர்லினில் விஷயம் புரியாமல் போகவில்லை என்பதற்கு இதைவிடச் சாட்சி வேண்டுமா?

காத்திருப்பதில் ஒரு நல்ல பக்கம் உண்டு, அதையும் சொல்ல வேண்டும். காயம்பட்டவர்கள் இருபத்தையாயிரத்துக்குக் குறையாமல் விமானத்தில் வெளியே போனார்கள். நவம்பரில் நடந்தே வெளியேறியிருந்தால் கிடைத்திருக்காத லாபம் அது.

டிசம்பர் வாய்ப்பைப் பற்றி நான் அதிகம் எழுதப் போவதில்லை, படிக்கும்போது தெரிகிற அளவுக்கு அது உண்மையான வாய்ப்பாக இல்லை என்பது என் எண்ணம். 12-ஆம் தேதி கோட்டெல்னிகோவோவிலிருந்து, மீட்புக்காக மான்ஸ்டைன் அனுப்பிய ஜெனரல் ஹோத்தின் டாங்கிகள் கிளம்பின. 19-ஆம் தேதி மிஷ்கோவா ஆற்றை எட்டின. வளையத்துக்கு இன்னும் சுமார் 50 கிலோமீட்டர். உள்ளே இருந்த டாங்கிகளிடம் இருந்த எரிபொருள் அதிகம்போனால் 30 கிலோமீட்டருக்கு. இடையில் 20 கிலோமீட்டர் யாருடைய கணக்கிலும் வரவில்லை. வெளியேறும் திட்டத்துக்கு 'இடிமுழக்கம்' என்று பொருள்படும் சங்கேதச் சொல் தயாராக இருந்தது. அதை ஹிட்லர் சொல்லவில்லை, மான்ஸ்டைனும் தன் பொறுப்பில் திட்டவட்டமாகச் சொல்லவில்லை, பவுலஸ் தானாகக் கிளம்பவில்லை. மூவரும் அடுத்தவர் வாயைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அதற்குள் வடக்கே இத்தாலியப் படை உடைந்துவிட்டதால் 23-ஆம் தேதி ஹோத்தின் பலமான டாங்கி டிவிஷன் திரும்ப அழைக்கப்பட்டது. கதை முடிந்தது.

இப்போது ஜனவரி 8. இதைத்தான் நான் முதலிடத்தில் வைக்கிறேன். சோவியத் தளபதிகள் வொரோனோவும் ரொக்கொசோவ்ஸ்கியும் கையெழுத்திட்ட சரணடைவு நிபந்தனைகள் வந்தன. உயிருக்கு உத்தரவாதம், சாதாரண உணவு, காயம்பட்டவர்களுக்கும் பனியில் உறுப்பு விறைத்தவர்களுக்கும் மருத்துவம், சீருடையும் பதக்கங்களும் சொந்தப் பொருட்களும் அவரவரிடமே, போர் முடிந்ததும் ஜெர்மனிக்கோ விரும்பிய நாட்டுக்கோ திரும்பலாம். மறுநாள் காலை 10 மணி வரை கெடு. வெள்ளைக்கொடியோடு வந்த தூதர்கள் கடிதத்தோடே திருப்பி அனுப்பப்பட்டார்கள். 10-ஆம் தேதி சுமார் 7,000 பீரங்கிகள் ஒரே நேரத்தில் முழங்கின. 16-ஆம் தேதி பிடோம்னிக் விமானத் தளம் போனது, சில நாளில் கும்ராக்கும் போனது. அப்போது வளையத்துக்குள் ஒரு வீரனுக்கு நாளைக்கு 100 கிராம் ரொட்டிகூட இல்லை.

நவம்பரில் தடுத்த எதுவும் ஜனவரியில் இல்லை. சரணடைய எரிபொருள் வேண்டாம், குதிரை வேண்டாம், மான்ஸ்டைன் வேண்டாம். மீட்புப் படை வராது என்பது கேள்விக்கே இடமில்லாமல் தெரிந்துவிட்டது. முழுக்க முழுக்க அவர் கையில் இருந்த ஒரே முடிவு இதுதான்.

எதிர்வாதங்கள் மூன்று. முதலாவது, மான்ஸ்டைன் சொன்னது: ஆறாவது படை ஏழு சோவியத் படைகளை அங்கே கட்டிப்போட்டிருந்தது, அதனால்தான் காகசஸிலிருந்து ஜெர்மன் தளபதி கிளைஸ்டின் படைகள் ரோஸ்டோவ் வழியாகத் தப்பின. இதை அலட்சியமாகத் தள்ள முடியாது. அந்தப் பின்வாங்கலுக்கு ஹிட்லர் டிசம்பர் கடைசியில்தான் சம்மதித்தார், ஜனவரி முழுக்க அது நடந்துகொண்டிருந்தது. வெறும் ராணுவக் கணக்காகப் பார்த்தால் ஜனவரி 8-க்குப் பிறகும் சில நாள் தாங்கியதற்குப் பயன் இருந்தது. ஆனால் நிற்கத் தெம்பில்லாதவர்களை வைத்து வாங்கிய சில நாள் அது.

இரண்டாவது, சோவியத் வாக்கை நம்ப முடியுமா? முழுதாக முடியாது. சுற்றிவளைத்தபோது உள்ளே 90 ஆயிரம் பேருக்குள்தான் இருப்பார்கள் என்றே செம்படை நினைத்திருந்தது. அதைப்போல் இரண்டு மடங்கு கைதிகளுக்கு அவர்களிடம் சோறும் இல்லை, கூரையும் இல்லை. ஜெர்மன் ராணுவத்தின் பிடியில் இருபது லட்சத்துக்கும் மேற்பட்ட சோவியத் கைதிகள் அதற்குள் செத்திருந்தார்கள் என்பதால், பழிக்குப் பழி என்ற அச்சமும் இருந்தது. கடைசியில் பிடிபட்ட சுமார் 91 ஆயிரம் பேரில் ஊர் திரும்பியவர்கள் ஐயாயிரம், ஆறாயிரம். ஆனால் அவர்களில் பெரும்பாலோர் செத்தது முதல் சில மாதங்களில், டைபஸ் காய்ச்சலிலும் ஏற்கெனவே உடம்பில் இறங்கியிருந்த பட்டினியிலும். மூன்றரை வாரம் முன்னால் வந்திருந்தால் அந்த உடம்புகள் கொஞ்சமாவது தாங்கியிருக்கும்.

மூன்றாவது வாதம்தான் எனக்குச் சங்கடமானது. வளையத்துக்குள் ஜெர்மானியருக்கு வேலை செய்த சோவியத் குடிமக்கள் ஆயிரக்கணக்கில் இருந்தார்கள். சிலர் விரும்பி வந்தவர்கள், பலர் கைதி முகாமில் சாவதற்குப் பயந்து வந்தவர்கள். நிபந்தனைகளில் அவர்களுக்கு இடமே இல்லை. எந்தத் தேதியில் சரணடைந்தாலும் அவர்கள் கதி ஒன்றுதான். பவுலஸ் அவர்களை எண்ணித் தயங்கியதாக எந்தத் தடயமும் இல்லை.

அவர் உண்மையில் தேர்ந்தெடுத்தது இவற்றில் எதையும் இல்லை. ஜனவரி 24 அன்று சரணடைய ஹிட்லரிடமே அனுமதி கேட்டார். கிடைக்காது என்று தெரிந்த அனுமதி. 26-ஆம் தேதி வளையம் இரண்டு துண்டானது. ஹிட்லர் ஆட்சிக்கு வந்த பத்தாம் ஆண்டு நிறைவுக்கு 30-ஆம் தேதி வாழ்த்துத் தந்தி அனுப்பினார். பதிலுக்கு பீல்டு மார்ஷல் பதவி வந்தது. எந்த ஜெர்மன் பீல்டு மார்ஷலும் அதுவரை எதிரியிடம் சிக்கியதில்லை என்பதால், தற்கொலை செய்துகொள் என்பதற்கு நாகரிகமான வார்த்தை அது. செய்துகொள்ளவில்லை. 31-ஆம் தேதி காலை நகர மையத்திலிருந்த பல்பொருள் அங்காடியின் அடித்தளத்தில் பிடிபட்டார். அங்கேயும் சரணடைவு பேசியது ஜெனரல் ரோஸ்கே. பவுலஸ் பக்கத்து அறையில் இருந்தார், தான் தளபதியாக இல்லாமல் தனிமனிதனாகப் பிடிபட்டதாகவே வைத்துக்கொண்டார். வடக்குத் துண்டில் டிராக்டர் தொழிற்சாலைப் பக்கம் கோர் தளபதி ஸ்ட்ரெக்கரின் ஆட்கள் இன்னும் சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள். ஆயுதத்தைக் கீழே போடும்படி அவர்களுக்கு உத்தரவு எழுதிக் கொடுங்கள் என்று ரஷ்யர்கள் கேட்டார்கள், மறுத்துவிட்டார். பிப்ரவரி 2 வரை அவர்கள் செத்துக்கொண்டிருந்தார்கள். தன் உயிர் தப்பியது, தன் கையெழுத்தும் தப்பியது. ஒப்பிட்டுப் பார்த்த எல்லா வழிகளிலும் மோசமானது என்று இதைத்தான் சொல்வேன். கடைசி ஆள்வரை போராடிய பெயரும் இல்லை, ஆட்களைக் காப்பாற்றிய பெயரும் இல்லை.

மீறினால் உயிர் போகும் என்பது மட்டும்தான் காரணமா? இரண்டே வாரம் கழித்து, பிப்ரவரி 15 அன்று, நாஜிக் கட்சியின் ஆயுதப் படையான எஸ்எஸ்ஸின் ஜெனரல் ஹவுஸர் ஹிட்லரின் நேரடி உத்தரவை மீறிக் கார்கோவைக் கைவிட்டுத் தன் டாங்கிகளைக் காப்பாற்றினார். தலை போகவில்லை, அடுத்த மாதமே அந்த ஊரைத் திரும்பப் பிடித்தார். அவரிடம் எரிபொருள் இருந்தது, திறந்த சாலை இருந்தது, எஸ்எஸ் செல்வாக்கு இருந்தது என்பதால் இந்த ஒப்பீட்டை ரொம்ப இழுக்கக் கூடாது. ஆனால் ஜனவரியில் வளையத்துக்குள் இருந்த பவுலஸை எந்த ராணுவ நீதிமன்றமும் எட்டியிருக்க முடியாது.

குடும்பம் இருந்ததே என்பார்கள். அதுவும் சரியாகப் பொருந்தவில்லை. தளபதிகளின் குடும்பத்தைப் பிடித்து அடைக்கும் பழக்கம் ஹிட்லரைக் கொல்ல நடந்த 1944 ஜூலை சதிக்குப் பிறகுதான் முழுவீச்சில் வந்தது. அந்த ஆகஸ்ட் 8 அன்று, ஆபத்து உச்சத்தில் இருந்தபோது, சிறையிலிருந்த பவுலஸ் மாஸ்கோ வானொலியில் ஹிட்லருக்கு எதிராகப் பேசினார். அவர் மனைவி எலெனாவைக் கைது செய்தார்கள். கணவர் பெயரை விட்டுக்கொடுக்க மறுத்துவிட்ட அந்த அம்மா 1949-ல் இறந்தார். போரின் முடிவுக்குப் பிறகும் அவர்கள் சந்திக்கவே இல்லை. குடும்பத்தைப் பணயம் வைத்து மீறக்கூடியவர்தான் பவுலஸ் என்று இதிலிருந்து தெரிகிறது. ஆனால் அவர் மீறியபோது ஆறாவது படையில் காப்பாற்ற மிஞ்சியிருந்தவர்கள் மிகச் சிலர்.